மலையாளப் படமும் கேரளத்துக் கலைகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஓடிடி வந்ததிலிருந்து எனக்குத் தெரிந்தவர்களில் மலையாளப் படம் பார்க்காதவர்களே இல்லை என்றாகிவிட்டது. படம் முடிந்த கையோடு வாட்ஸப்பில் சந்தேகம் வரும்: அது என்ன வேஷம், இது என்ன ஆட்டம், அந்த ஆள் ஏன் அப்படிப் பேசுகிறான். ஒரே பதிலைத் திரும்பத் திரும்ப வாய்ஸ் நோட்டில் சொல்லி அலுத்துப்போய் எழுதியது இது. கேள்விகளைக் கேட்டவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன். ஒருமுறை சொன்னதைப் பின்னால் மறுபடி சொல்லவில்லை, அதனால் மேலிருந்து படித்துக்கொண்டு வந்தால் நல்லது.

மலையாளப் படம்னாலே கோயில் உற்சவம், செண்டை, யானை, பெரிய ஓட்டு வீடு... கேரளா முழுக்க இப்படித்தானா?

இல்லை. நீங்கள் பார்த்தது பெரும்பாலும் ஒரே ஒரு வட்டாரம். ஒற்றப்பாலம், ஷொரணூர், பாரதப்புழையின் கரை, பழைய பெயரில் வள்ளுவநாடு. எழுத்தாளரும் இயக்குநருமான எம்.டி. வாசுதேவன் நாயருக்கு ஊர் அந்த ஆற்றங்கரைதான், அவர் கதைகளும் அங்கேதான் நடக்கும். அவருக்குப் பின்னால் வந்த பலரும் அதே ஆற்றங்கரையில் கேமராவை வைத்தார்கள். ஒற்றப்பாலத்துக்குப் பக்கத்தில் வரிக்காசேரி மனை என்று ஒரு பழைய நம்பூதிரி வீடு இருக்கிறது. தேவாசுரம் (1993), ஆறாம் தம்புரான் (1997) என்று மோகன்லால் மீசையை முறுக்கிக்கொண்டு நின்ற வாசல் அதுதான். நீங்களும் எத்தனையோ படத்தில் அந்த வீட்டைப் பார்த்திருப்பீர்கள், அதே வீடு என்று தெரியாமலே.

ஆனால் கேரளத்தில் வடக்கே சாமி வேஷம் கட்டி ஆடும் தெய்யம் இருக்கிறது, மலப்புறம் பக்கம் முஸ்லிம்கள் பாடும் மாப்பிளப்பாட்டு, கொச்சிக் கடலோரம் கிறிஸ்தவக் கூத்தான சவிட்டுநாடகம், அட்டப்பாடி மலையில் இருளர் பாட்டு. இவையெல்லாம் படத்துக்குள் வருவதற்கு ரொம்ப நாள் வாசலில் நின்றன. மலையாள சினிமா மண்ணின் கலையை மதிக்கிற சினிமா என்று சொல்வது சரிதான். எந்த மண், யாருடைய கலை என்பதையும் சேர்த்துக் கேட்க வேண்டும், அவ்வளவுதான் என் கட்சி.

முதல் மலையாளப் படத்தை எடுத்தவர் நம்ம கன்னியாகுமரி மாவட்டத்துக்காரராமே?

ஆமாம், ஜே.சி. டேனியல். ஊர் அகஸ்தீஸ்வரம், அன்றைக்குத் திருவிதாங்கூர். அவருக்குச் சினிமாவை விடக் களரிப்பயிற்றில்தான் முதல் பைத்தியம். சின்ன வயதிலேயே வாள்வீச்சைப் பற்றி ஆங்கிலத்தில் புத்தகம் எழுதியவர், களரியை ஊர் உலகத்துக்குக் காட்டத்தான் சினிமா பக்கம் வந்தார். கடைசியில் எடுத்தது ஒரு சமூகக் கதை: விகதகுமாரன், 1920களின் இறுதியில், பேசாத படம், சொத்தை விற்று எடுத்தது.

நாயகி பி.கே. ரோசி ஒரு தலித் பெண், காக்காரிசி நாடகம் ஆடிக்கொண்டிருந்தவர். தமிழும் மலையாளமும் கலந்து பேசி, பாடி ஆடுகிற தெற்குத் திருவிதாங்கூர் நாட்டார் கூத்து அது. படத்தில் அவர் நாயர் பெண்ணாக நடித்தார். திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் திரையிட்டபோது மேல்சாதிக்காரர்கள் திரையில் கல்லெறிந்தார்கள், பிறகு அவரை ஊரைவிட்டே துரத்தினார்கள். நாகர்கோவில் பக்கம் வந்து வேறு பெயரில் வாழ்ந்து முடித்தார். ஆக, நாட்டார் கலையிலிருந்து சினிமாவுக்கு வந்த முதல் ஆளுக்குக் கிடைத்தது இதுதான். கீழே வரும் பதில்களைப் படிக்கும்போது இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

பேசும் படம் சேலத்துல எடுத்தாங்களாம், அப்ப அதுல கேரளாவே இருந்திருக்காதே?

கிட்டத்தட்ட அப்படித்தான். பாலன் (1938), சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், டி.ஆர். சுந்தரம் தயாரிப்பு. அதற்குப் பிறகு ரொம்ப நாள் மலையாளப் படம் கோடம்பாக்கத்து செட்டுக்குள்தான் நடந்தது. பாட்டும் இந்தி, தமிழ் மெட்டுகளின் சாயலில் இருக்கும்.

1954-ல் நீலக்குயில் வந்ததும்தான் ஊர் வாசனை வந்தது. இயக்கியவர்கள் பி. பாஸ்கரனும் ராமு காரியாட்டும், கதை உறூப். ஒரு நாயர் வாத்தியார் தலித் பெண்ணைக் கர்ப்பமாக்கிவிட்டுக் கைவிடுகிற கதை. இசையமைத்த கே. ராகவன் நாட்டுப்பாட்டு மெட்டுகளைக் கொண்டுவந்தார், மாப்பிளப்பாட்டு மெட்டில் 'காயலரிகத்து' பாட்டைத் தானே பாடவும் செய்தார். இன்றைக்கும் கேரளத்துக் கல்யாண வீட்டில் யாராவது ஒருவர் அதைப் பாடிவிடுவார்.

செம்மீன்ல வர்ற கடலம்மா நம்பிக்கை நிஜமா சார்?

கரையில் இருக்கும் மனைவி ஒழுக்கம் தவறினால் கடலுக்குப் போன கணவனைக் கடலம்மா எடுத்துக்கொள்வாள் என்பது தகழி சிவசங்கரப் பிள்ளை நாவலின் அச்சு. மீனவர்களிடையே அப்படி ஒரு பேச்சு உண்டுதான், ஆனால் கடலோரம் முழுக்க அதை நம்பி நடுங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது என்று நினைக்க வேண்டாம். நாவலும் 1965-ல் வந்த படமும் அடைந்த புகழில் அது மொத்தக் கடலோரத்தின் சட்டம் மாதிரி ஆகிவிட்டது.

ஒரு வேடிக்கை: இவ்வளவு கேரள வாசம் அடிக்கிற இந்தப் படத்துக்கு இசை வங்காளத்து சலில் சௌதுரி, எடிட்டிங் ஹிருஷிகேஷ் முகர்ஜி, கேமரா மார்க்கஸ் பார்ட்லி. தென்னிந்தியாவுக்கு முதல் ஜனாதிபதி தங்கப் பதக்கம் வாங்கிக் கொடுத்தது இந்தக் கூட்டணிதான்.

முகத்துல கலர் கலரா பூசிட்டு வந்தா அது எல்லாம் கதகளிதானே?

இதுதான் அதிகம் கேட்கப்படுவது. கதகளி மேடைக் கலை. பாட்டுக்காரர்கள் பின்னால் நின்று பாட, நடிகர் வாய் திறக்காமல் முத்திரையிலும் கண்ணிலும் கதை சொல்வார். பச்சை, கத்தி, தாடி, கரி, மினுக்கு என்று வேஷத்துக்கு வகை உண்டு. பச்சை பூசி வந்தால் நல்லவன், அர்ஜுனன், நளன் மாதிரி. கோயில்களும் அரண்மனைகளும் பெரிய வீடுகளும் வளர்த்த கலை, 1930-ல் கவிஞர் வள்ளத்தோள் கலாமண்டலம் என்ற கலைப் பள்ளியை ஆரம்பித்த பிறகு பள்ளிக்கூடத்தில் படிக்கிற கலையும் ஆனது.

தெய்யம் வேறு. கண்ணூர், காசர்கோடு பக்கத்துக் காவுகளில், அதாவது சாமி இருக்கும் தோப்புகளில், துலா மாதம், அதாவது அக்டோபர் கடைசி வாக்கில் தொடங்கி மழைக்கு முன்னால் வரை நடக்கும். வேஷம் கட்டி ஆடுபவர்கள் வண்ணான், மலையன், வேலன் போன்ற ஒடுக்கப்பட்ட சாதியினர். முடி என்கிற தலைக் கிரீடத்தை வைத்துக் கண்ணாடியில் முகம் பார்த்த பிறகு அவர் நடிகர் இல்லை, தெய்வம். ஊர்ப் பெரிய மனிதரும் அவர் முன்னால் கையைக் கூப்பி நின்று குறை சொல்லுவார். பொட்டன் தெய்யம் என்று ஒன்று இருக்கிறது, சங்கராச்சாரியாரை வழிமறித்த புலையனின் கதை. உங்களை வெட்டினாலும் ரத்தம், எங்களை வெட்டினாலும் ரத்தம், அப்புறம் என்ன வித்தியாசம் என்று அது பாட்டிலேயே கேட்கும். மறுநாள் காலையில் அதே ஆள் கூலி வேலைக்குப் போவார் என்பது வேறு கதை.

அப்ப காந்தாரால வர்றது தெய்யமா?

இல்லை. அது கன்னடப் படம், அதில் வருவது துளு நாட்டு பூத கோலா. காசர்கோட்டுக்கு வடக்கே அந்த வழக்கம், தெற்கே தெய்யம், எல்லையில் இரண்டும் ஒட்டி உறவாடும். குளிகன் என்கிற தெய்வம் இரண்டு பக்கமும் உண்டு. உறவினர்கள்தான், ஒரே ஆள் இல்லை.

கதகளி, தெய்யம் ரெண்டுக்கும் ஒவ்வொரு படம் சொல்லுங்க, ரொம்ப போர் அடிக்காம இருக்கணும்.

கதகளிக்கு வானப்பிரஸ்தம் (1999), ஷாஜி என். கருண். மோகன்லால் கதகளிக் கலைஞர், நம்பூதிரி அப்பாவுக்கும் கீழ்ச்சாதி அம்மாவுக்கும் பிறந்தவர், அப்பா ஏற்றுக்கொள்ளாத பிள்ளை. ஒரு பெரிய இடத்துப் பெண் (நம்ம சுஹாசினி) அவரைக் காதலிக்கிறாள், ஆனால் அவள் காதலிப்பது அவர் போட்டு வரும் அர்ஜுனனை. வேஷத்தைக் கழுவிய முகம் அவளுக்கு வேண்டாம். கலையையும் அதை ஆடும் மனிதனையும் சமூகம் எப்படிப் பிரித்து வைத்திருக்கிறது என்பதை இதைவிடக் கச்சிதமாக ஒரு கதைக்குள் வைக்க முடியாது. தபேலா மேதை ஜாகிர் ஹுசைன் இசை. போர் அடிக்காது என்று உத்தரவாதம் தரமாட்டேன்.

தெய்யத்துக்குக் களியாட்டம் (1997), ஜெயராஜ். ஷேக்ஸ்பியரின் ஒத்தெல்லோவைத் தெய்யக்காரர்களின் ஊரில் கொண்டுபோய் வைத்தார், சுரேஷ் கோபிக்குத் தேசிய விருது கிடைத்தது. கண்டிப்பாகப் பார்க்கலாம். எனக்கு அதில் ஒரு குறை உண்டு: சந்தேகப்படுகிற புருஷன் கதைக்குத் தெய்யத்தின் நெருப்பும் சிவப்பும் நன்றாகப் பொருந்திவிட்டன, ஆனால் நான் மேலே சொன்ன அந்தச் சாதிக் கேள்வி கொஞ்சம் ஓரத்துக்குப் போய்விட்டது.

ஒரு பழைய படத்துல சாமியாடி சாமி சிலை மேலயே துப்புவாராமே, அது எப்படி விட்டாங்க?

நிர்மால்யம் (1973), எம்.டி. எழுதி இயக்கியது. வெளிச்சப்பாடு என்றால் பகவதி கோயிலில் வாளும் சிலம்புமாக அருள் வந்து ஆடுபவர், நம் ஊர்ச் சாமியாடிக்குச் சொந்தக்காரர். கோயிலுக்கு வரும்படி இல்லை, வீட்டில் பட்டினி. ஊரில் திருவிழா எடுக்கக் காசு சேர்கிறது, அதே நாளில் தன் மனைவி கடன்காரனிடம் போகும் நிலைக்கு வந்ததை அவர் பார்த்துவிடுகிறார். நேரே கோயிலுக்குப் போய் ஆடி, வாளால் தலையை வெட்டிக்கொண்டு, வாயிலிருந்த ரத்தத்தைச் சிலை முகத்தில் துப்பிவிட்டுச் சாகிறார்.

விட்டார்கள், விட்டதோடு நிற்காமல் சிறந்த படத்துக்கான தேசிய விருதும் நடித்த பி.ஜே. அந்தோணிக்குச் சிறந்த நடிகர் விருதும் கொடுத்தார்கள். வள்ளுவநாட்டுப் பெருமையைப் பாடிய ஆள் என்று எம்.டி.யை முதல் பதிலில் நான் சொன்னதாக நினைத்திருந்தால் திருத்திக்கொள்ளுங்கள். அந்தப் பெருமை உள்ளுக்குள் எப்படி அழுகியது என்று காட்டியவரும் அவர்தான். பின்னால் வந்தவர்கள் ஆற்றங்கரையையும் வீட்டையும் எடுத்துக்கொண்டு அழுகலை விட்டுவிட்டார்கள்.

களரிச் சண்டைப் படம்லாம் உண்மைக் கதையா?

வடக்கன் பாட்டு என்று வட மலபாரில் வாய்வழியாகப் பாடி வந்த வீரகதைகள். நாற்று நடும் பெண்கள் பாடிய பாட்டு, இரண்டு பிரபுக்கள் சண்டையைத் தீர்க்க அவர்கள் சார்பில் அங்கம் வெட்டி, அதாவது ஒற்றைக்கு ஒற்றை வாள் சண்டை போட்டுச் செத்த சேகவர்கள் என்ற வீரர்களின் கதை. ஆலப்புழை உதயா ஸ்டுடியோ 1961-ல் உண்ணியார்ச்சா எடுத்ததிலிருந்து இது ஒரு தனிப் பட ரகமாகவே ஓடியது.

1989-ல் ஒரு வடக்கன் வீரகாதா வந்தது, ஹரிஹரன் இயக்கம், மறுபடியும் எம்.டி. எழுத்து. பாட்டில் சந்து ஒரு சதிகாரன், மச்சானை அங்கத்தில் ஏமாற்றிக் கொன்றவன். எம்.டி. அந்தப் பழியைச் சந்துவின் பக்கத்திலிருந்து எழுதினார், மம்மூட்டி நடித்தார், தலைமுறை தலைமுறையாகத் திட்டு வாங்கிய ஆளுக்காகத் தியேட்டரில் ஜனம் அழுதது. நாட்டார் கதையைப் படமாக்குவது என்றால் அப்படியே எடுத்து வைப்பது இல்லை, இப்படி அதோடு மல்லுக்கு நிற்பதுதான்.

அண்ணா, நடிகர் பேருக்கு முன்னாடி கலாபவன், கேபிஏசின்னு போடுறாங்களே, அது இன்ஷியலா?

இன்ஷியல் இல்லை, அவர்கள் வந்த வழி. கேபிஏசி என்பது கம்யூனிஸ்ட் இயக்கத்தோடு வளர்ந்த நாடகக் குழு. 1952-ல் தோப்பில் பாசி எழுதிய 'நிங்ஙளென்னெ கம்யூனிஸ்டாக்கி' நாடகம் கேரளமெங்கும் ஓடியது, ஓ.என்.வி. குறுப்பு எழுதி ஜி. தேவராஜன் மெட்டமைத்த பாட்டுகள் அதைவிட வேகமாக ஓடின. அந்த இரண்டு பேரும் அப்படியே சினிமாவுக்கு வந்தார்கள், கேபிஏசி லலிதாவும். மலையாளப் படத்தில் வசனம் பேசும் விதம் பாதி அந்த நாடக மேடையில் உருவானது.

கலாபவன் கொச்சியில் ஃபாதர் ஆபேல் 1969-ல் தொடங்கியது. முதலில் தேவாலயப் பாட்டு, இசை வகுப்பு. 1980களில் அங்கிருந்து மிமிக்ஸ் பரேடு என்ற மிமிக்ரி நிகழ்ச்சி கிளம்பி, கேரளத்தில் ஒரு கோயில் திருவிழா, ஒரு தேவாலயப் பெருநாள் விடாமல் போனது. ஜெயராம், திலீப், சித்திக்-லால் இரட்டையர்கள் எல்லாரும் அதன் வழியாகத்தான். கதகளியையும் கூடியாட்டம் என்கிற பழைய சமஸ்கிருத நாடகத்தையும் கலை என்று சொல்பவர்கள் மிமிக்ரியைச் சொல்லமாட்டார்கள். என்னைக் கேட்டால் 80களுக்குப் பிறகு மலையாள சினிமாவை அதிகம் மாற்றிய மேடைக் கலை அதுதான்.

கலாபவன் மணியை ஜெமினி படத்தின் வில்லனாக நமக்குத் தெரியும். சாலக்குடியில் ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்தவர், வயலிலும் கூலி வேலையிலும் பாடும் நாடன்பாட்டைக் கேசட் போட்டு வீடு வீடாகக் கொண்டு சேர்த்தவர். படத்தில் அவருக்குப் பல வருஷம் சிரிப்பு வேஷம்தான் கொடுத்தார்கள். பாட்டில் அவர்தான் ராஜா.

ஆமென், ஈ.ம.யௌ மாதிரி சர்ச் சுத்தி வர்ற படங்கள்ல கலைன்னு என்ன இருக்கு?

நிறைய. ஆமென் (2013) முழுக்கக் குட்டநாட்டுத் தேவாலய பேண்ட் செட்டுகளின் போட்டி. ஈ.ம.யௌ (2018) ஒரு சாவு வீட்டைச் சுற்றி, செல்லானம் கடலோர லத்தீன் கத்தோலிக்கர்களின் ஒப்பாரி, சடங்கு, மழை. இரண்டுமே லிஜோ ஜோஸ் பெல்லிசேரி.

ஆனால் தமிழ்க்காரர்கள் தேடிப் பார்க்க வேண்டியது சவிட்டுநாடகம். போர்ச்சுக்கீசியர் காலத்தில் உருவான கூத்து. ராஜா உடையில் மரப்பலகை அதிர மிதித்து ஆடுவார்கள், கார்ல்மான் கதை, அதாவது பிரெஞ்சு ராஜா சார்லமேன் கதை. பாட்டு பாதிக்கு மேல் பழைய தமிழ்! சின்னத்தம்பி அண்ணாவி என்பவரை அதன் மூலகர்த்தாவாகச் சொல்வார்கள். இலங்கையில் மன்னார், யாழ்ப்பாணம் பக்கத்துக் கத்தோலிக்கக் கூத்திலும் ஆசிரியருக்கு அண்ணாவியார் என்றுதான் பெயர். ஷாஜி என். கருணின் குட்டி ஸ்ராங்க் படத்தில் மம்மூட்டி இந்த ஆட்டம் ஆடுவார், 2009-க்கான தேசிய விருது வாங்கிய படம்.

மலையாளம் ஓரளவு புரியும், ஆனா சில படத்துல ஒரு வார்த்தை கூடப் பிடிபடலை. ஏன்?

வள்ளுவநாட்டுப் பேச்சுதான் ரொம்ப நாள் 'நல்ல மலையாளம்' என்று திரையில் இருந்தது. திருவனந்தபுரத்துப் பேச்சும் திருச்சூர்ப் பேச்சும் காமெடியனுக்கு. ராஜமாணிக்யம் (2005) படத்தில் மம்மூட்டி திருவனந்தபுரத்து வழக்கை நாயகன் வாயில் வைத்தார், பிராஞ்சியேட்டனில் (2010) திருச்சூர். சிரிப்புதான், ஆனாலும் நாயகனே பேசினான்.

இப்போது அந்தந்த ஊரே பேசுகிறது. ந்நா தான் கேஸ் கொடு (2022) காசர்கோடு, நிறையப் பேர் உள்ளூர்க்காரர்களே நடித்தது. திருவனந்தபுரத்து ஆட்களுக்கே சில வரி புரியாது, அதனால் நீங்கள் வருத்தப்பட வேண்டாம். சுடானி ஃப்ரம் நைஜீரியா (2018) மலப்புறம், செவன்ஸ் கால்பந்து, அதாவது பக்கத்துக்கு ஏழு பேர் ஆடுவது. அங்கே ஆப்பிரிக்காவிலிருந்து ஆள் கூட்டிவந்து ஆடவைப்பது படத்துக்காகச் சொன்னது இல்லை, நிஜம். கலை என்றால் முகத்தில் சாயம் பூச வேண்டும் என்று யார் சொன்னது, ராத்திரி மைதானத்தில் கேலரி கட்டி ஊரே உட்கார்ந்து பார்ப்பதும் ஒரு கலைதான்.

மணிச்சித்திரத்தாழ்ல பேய் ஏன் தமிழ் பேசுது? நம்மளை வில்லியாக்கிட்டாங்களா?

நாகவல்லி தஞ்சாவூரிலிருந்து கேரளத்துத் தறவாட்டுக்கு, அதாவது பழைய பெரிய குடும்ப வீட்டுக்குக் கொண்டுவரப்பட்ட நடனக்காரி, அதனால் தமிழ். வில்லி இல்லை, அநியாயமாகக் கொல்லப்பட்டவள். இந்தக் கேள்விக்கு நல்ல பதில் சந்திரமுகியில் இருக்கிறது: தமிழுக்கு வந்ததும் நடனக்காரி ஆந்திராவிலிருந்து வந்தவளாகி, 'ரா ரா' என்று தெலுங்கு பேச ஆரம்பித்துவிட்டாள். எல்லாருக்கும் பேய் பக்கத்து ஊர்க்காரிதான். மூலப் படத்தின் அரண்மனையில் ஒரு பகுதி தக்கலைக்குப் பக்கத்துப் பத்மநாபபுரம் என்பதும் உங்களுக்குத் தெரிந்திருக்கட்டும், அது இன்றைக்குக் கன்னியாகுமரி மாவட்டம்.

லோகா படத்துல வர்ற நீலியும் நம்ம ஊர் நீலியும் ஒண்ணா?

வேர் ஒன்றுதான், கள்ளியங்காட்டு நீலி. அந்தக் கள்ளியங்காடு நாகர்கோவிலுக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. நாஞ்சில் நாட்டில் வில்லுப்பாட்டில் நீலி கதை பாடுவார்கள், கொலையுண்டு பழிவாங்க வரும் பெண். கேரளத்தில் கொட்டாரத்தில் சங்குண்ணி தொகுத்த ஐதீகமாலை என்ற பழங்கதைப் புத்தகம் வழியாக அவள் யட்சி. கடமற்றத்துக் கத்தனார் என்ற பாதிரியார் அடக்கியதாகக் கதை. வெள்ளைச் சேலை, வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்பது எல்லாம் யட்சி சம்பிரதாயம். 2025-ல் வந்த லோகா அவளைக் காட்டுவாசிப் பெண்ணாக்கி, அதிகாரத்தால் குடும்பத்தை இழந்தவளாக்கி, கதாநாயகியாகவும் ஆக்கிவிட்டது. மேலே சந்துவுக்கு நடந்ததேதான்.

2024-ல் பிரமயுகமும் இப்படித்தான். அடிமை வாழ்விலிருந்து தப்பி ஓடிவரும் பாணன் சாதிப் பாட்டுக்காரன் ஒரு பாழடைந்த மனையில் மாட்டிக்கொள்கிறான், உள்ளே சாத்தன், நம் ஊர்க் குட்டிச்சாத்தான் மாதிரி. எடுத்தது எங்கே தெரியுமா, அதே வரிக்காசேரி மனையில்! தம்புரான்கள் சிம்மாசனம் போட்ட இடத்தை முப்பது வருஷம் கழித்து நரகமாகக் காட்டியிருக்கிறார்கள்.

சரி, படத்துல காட்டுறதால இந்தக் கலைஞர்களுக்கு ஏதாவது லாபம் உண்டா?

சங்கடமான கேள்வி. கூட்டம் கூடுகிறது, அது உண்மை. தெய்யம் பார்க்க வருகிறவர்களில் பலர் கேமராவோடு வருகிறார்கள். காவை விட்டு சுற்றுலா மேடையில் தெய்யம் ஆடக் கூப்பிடுவதும் நடக்கிறது, அது கூடாது என்று கட்டி ஆடுபவர்களிலேயே ஒரு பகுதியினர் சொல்கிறார்கள். படங்களில் முகம் தெரிகிற தெய்யக்காரர் பெரும்பாலும் ஒரு நட்சத்திரம், நிஜக் கலைஞர் பின்னால் கூட்டத்தில் இருப்பார்.

நேர்மாறாக நடந்ததற்கு எனக்குத் தெரிந்து பளிச்சென்ற உதாரணம் நஞ்சியம்மா. ஐயப்பனும் கோஷியும் (2020) படத்துக்கு இயக்குநர் சச்சி அவரைப் பாட அழைத்தார், அவர் அட்டப்பாடியில் பாடிவந்த இருளர் பாட்டு அப்படியே படத்தில் வந்தது. இருளர் பேச்சு தமிழுக்கு நெருக்கம், காதில் விழுந்ததும் நமக்கே பாதி புரியும். 2022-ல் சிறந்த பின்னணிப் பாடகி தேசிய விருது அவருக்கு அறிவித்தார்கள். உடனே, முறையாகச் சங்கீதம் படிக்காதவருக்கு எப்படிக் கொடுக்கலாம் என்று ஒரு சர்ச்சை கிளம்பியது. சுருதி கொடுத்தால் பாட முடியுமா என்றெல்லாம் கேட்டார்கள். ஆதரவாகவும் நிறையப் பேர் பேசினார்கள். ரோசி மேல் விழுந்த கல்லோடு இதை ஒப்பிட மாட்டேன், காலம் நிறைய மாறிவிட்டது. ஆனால் பாட்டு வேண்டும், பாடுகிற ஆளுக்கு மட்டும் தகுதிச் சான்றிதழ் வேண்டும் என்கிற பேச்சு இன்னும் போகவில்லை. நஞ்சியம்மாவோ விருது மேடை ஏறி வாங்கிக்கொண்டு அட்டப்பாடிக்குத் திரும்பிவிட்டார், இன்னும் பாடிக்கொண்டுதான் இருக்கிறார்.